எல்லைக்கு அந்தப் பக்கம்

1918ஆம் ஆண்டு நவம்பர் 20. பத்தாண்டுகள் புதுச்சேரியில் இருந்த பாரதியார் அன்று அந்த ஊரை விட்டுக் கிளம்பினார். பிரெஞ்சு எல்லையைத் தாண்டி ஆங்கிலேயர் மண்ணில் கால் வைத்ததும் கடலூர் அருகே கைது. டிசம்பர் நடுப்பகுதி வரை கடலூர் சிறைதான் இருப்பிடம். இன்று பேருந்தில் உட்கார்ந்து சாதாரணமாகக் கடந்துவிடும் அந்தத் தூரம், அன்று ஒரு நாட்டுக்கும் இன்னொரு நாட்டுக்கும் இடைப்பட்ட தூரம்.

அந்தப் பிரெஞ்சுத் துண்டு நிலத்தைத் தேடி உலகின் வேறு மூலைகளிலிருந்து சில பெண்களும் வந்தார்கள். அவர்களைத் துரத்தியது போலீஸ் அல்ல; பிறந்த வீடும் புகுந்த வீடும் ஊரும் போட்டு வைத்த வரம்புகள். வேறு சிலர் சிதம்பரத்தில் ஆடும் கடவுளைப் பற்றிப் படித்துவிட்டுத் தமிழ்நாட்டுக்குக் கப்பல் ஏறினார்கள். இங்கிருந்து கடல் தாண்டிப் போய் மூச்சு விட்ட பெண்களும் உண்டு. வடக்கே கடலூர் வழியாகப் புதுச்சேரி, தெற்கே சிதம்பரம் என இரண்டுக்கும் இடையில் இருக்கிறது குறிஞ்சிப்பாடி. தறியும் கைலியும் நினைவுக்கு வரும் இந்த ஊருக்கும் இந்தக் கதையில் ஒரு பங்கு உண்டு. அது கடைசியில் வரும்.

எழுதவோ வரையவோ ஆடவோ விரும்பும் ஒரு பெண்ணுக்குப் பிறந்த ஊரில் கிடைக்காத எது வெளிநாட்டில் கிடைக்கிறது? அங்கே இருக்கும் சட்டதிட்டங்கள் குறைவு என்பதல்ல பதில். எல்லா ஊரிலும் பெண்ணுக்கு வேலி உண்டு. ஆனால் வந்து இறங்கியவளை அந்த ஊர் தன் மகளாக, மருமகளாக நினைப்பதில்லை. ‘அவள் வெளியூர்க்காரி’ என்று விட்டுவிடுகிறது. அந்த விட்டுவிடுதலில்தான் அவள் புழங்க இடம் கிடைக்கிறது.

இதற்கு உலகம் அறிந்த உதாரணம் ஜோசஃபின் பேக்கர். அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரத்தில் பிறந்த கறுப்பினப் பெண். 1925இல், 19 வயதில், பாரீசுக்குப் போனார். சொந்த நாட்டில் நிறவெறிச் சட்டங்களுக்குள் வளர்ந்தவர் பாரீஸ் மேடையின் பெரிய நட்சத்திரம் ஆனார்; 1937இல் பிரெஞ்சுக் குடியுரிமை பெற்றார். 2021இல் பிரான்ஸ் தன் மேன்மக்களுக்கு இடம் தரும் பாந்தியோனில் அவருக்கு மரியாதை செய்தது. ஆனால் அதே பிரான்ஸ் அந்தக் காலத்தில் ஆப்பிரிக்காவையும் வியட்நாமையும் புதுச்சேரியையும் ஆண்டுகொண்டிருந்தது. வந்தவளுக்குச் சுதந்திரம் தந்த நாடு, தான் ஆண்ட மக்களுக்கு அதைத் தரவில்லை. இந்த முரண் இந்தக் கதை முழுக்கத் தொடர்கிறது.

தமிழ் எழுத்தைத் திருப்பிப் போட்ட ஒரு சந்திப்பும் இப்படி நாடு விட்டு வந்த பெண்ணால் நடந்ததே. அயர்லாந்தில் பிறந்த மார்கரெட் நோபிள் 1898இல் கல்கத்தா வந்து நிவேதிதா ஆனார். பெண் குழந்தைகளுக்குப் பள்ளி நடத்தினார், நூல்கள் எழுதினார். அவரைச் சந்திக்கப் போன பாரதியிடம், மனைவியை ஏன் அழைத்து வரவில்லை என்று கேட்டார். அந்தக் கேள்வி பாரதியை உலுக்கியது. தன் முதல் கவிதை நூல்களை நிவேதிதாவுக்கே காணிக்கையாக்கினார். நம் வீட்டுப் பெண்களில் எத்தனை பேர் இந்தக் கேள்வியை மனதுக்குள் கேட்டிருப்பார்கள்? வெளியிலிருந்து வந்த ஒருத்தி வாய்விட்டுக் கேட்க முடிந்தது. கேட்டவருக்கும் காது கொடுத்தார்கள்.

1911 நவம்பரில் அலெக்சாண்ட்ரா டேவிட்-நீல் புதுச்சேரிக்கு வந்தார். ஒருகாலத்தில் ஹனோய் நகர மேடையில் ஆபரா பாடியவர், பெண்ணுரிமை பற்றி எழுதியவர். துனிஸ் நகரில் ஒரு ரயில்வே எஞ்சினியரைத் திருமணம் செய்துகொண்டார். ஒழுங்கான பிரெஞ்சு இல்லத்தரசியாக வாழ்ந்து பார்த்தார். உடம்பும் மனமும் ஒத்துழைக்கவில்லை. ஒன்றரை ஆண்டில் திரும்பி வருவதாகக் கணவரிடம் சொல்லிவிட்டுக் கப்பல் ஏறினார். ஐரோப்பாவுக்குத் திரும்ப 14 ஆண்டுகள் ஆயின. ஆங்கிலேய அரசின் சந்தேகத்துக்கு ஆளாகிப் புதுச்சேரியில் தங்கியிருந்த அரவிந்தரைச் சந்தித்துப் பேசினார். அதன் பிறகு சென்னைப் போலீஸ் அவரைக் கவனிக்கத் தொடங்கியது. அங்கிருந்து வடக்கே போய் சிக்கிம், நேபாளம், ஜப்பான் என அலைந்து, 1924இல் பிச்சைக்காரி வேடத்தில் திபெத்தின் லாசா நகருக்குள் நுழைந்தார். அப்போது அவருக்கு வயது 55. வெளிநாட்டவருக்கு மூடப்பட்டிருந்த அந்த நகருக்குள் போன முதல் ஐரோப்பியப் பெண் அவர்தான். 100 வயது தாண்டி 1969இல் இறக்கும்வரை எழுதிக்கொண்டே இருந்தார்.

அவர் துணிச்சலைப் பேசுகிற எல்லோரும் கூடவே சொல்ல வேண்டிய ஒன்று உண்டு. அந்த 14 ஆண்டுகளும் கணவர் பணம் அனுப்பிக்கொண்டிருந்தார். லாசா வரை உடன் நடந்தவர் சிக்கிமைச் சேர்ந்த யோங்டென் என்ற இளைஞர். பிறகு அவரையே மகனாகத் தத்தெடுத்தார் அலெக்சாண்ட்ரா. பணமும் வழித்துணையும் இல்லாமல் அந்தப் பயணம் நடந்திருக்காது.

இரண்டரை ஆண்டுகளுக்குள், 1914 மார்ச் 29 அன்று மிர்ரா அல்ஃபாசா புதுச்சேரியில் இறங்கினார். இன்று ‘அன்னை’ என்று கடலூர், விழுப்புரம் வீடுகளில் படமாக மாட்டியிருக்கும் அந்த முகம், முதலில் ஓவியரின் முகம் என்பது பலருக்குத் தெரியாது. பாரீசில் அகாதெமி ஜூலியனில் முறையாக ஓவியம் பயின்றவர். 1903, 1904, 1905 ஆகிய மூன்று ஆண்டுகளும் பாரீசின் புகழ்பெற்ற சலோன் கண்காட்சியில் அவர் ஓவியங்கள் இடம்பெற்றன. ஓவியர் ஒருவரை மணந்து, ஒரு மகனைப் பெற்று, 1908இல் மணவிலக்குப் பெற்றார். போர் காரணமாக 1915இல் புதுச்சேரியை விட்டுப் போய், ஜப்பானில் நான்கு ஆண்டுகள் இருந்துவிட்டு, 1920 ஏப்ரலில் திரும்பியவர் பிறகு வெளிநாடு போகவே இல்லை.

வந்த இடத்தில் அவர் தூரிகையை அதிகம் தொடவில்லை. ஆனால் அரவிந்தர் ஆசிரமத்தில் ஓவியமும் இசையும் பயிற்சியாகவே வளர்ந்தன. 1940களில் அங்கே நடந்த ஒன்று கலை வரலாற்றில் வராது. பெண்கள் வரலாற்றில் வர வேண்டும். ஆசிரமப் பள்ளி மாணவிகள் அரைக்கால் சட்டை போட்டு மைதானத்தில் ஓடினார்கள், தாண்டினார்கள், பையன்களோடு சேர்ந்து உடற்பயிற்சி செய்தார்கள். எல்லைக்கு இந்தப் பக்கம், வயதுக்கு வந்த பெண்ணைப் பள்ளியிலிருந்து நிறுத்திய காலம் அது. பாரீஸ் சலோனில் படம் மாட்டிய ஒரு பெண் பிற பெண்களின் உடம்புக்கு அந்தச் சுதந்திரத்தைக் கேட்டு வாங்கித் தந்தார்.

அமெரிக்க ஜனாதிபதி உட்ரோ வில்சனின் மூத்த மகள் மார்கரெட்டும் இதே ஊருக்கு வந்தார். பாடகி, முதல் உலகப் போரில் படைவீரர்களுக்காகப் பாடியவர், தாய் இறந்த பிறகு சில காலம் வெள்ளை மாளிகையில் தந்தைக்குத் துணையாக விருந்தினரை வரவேற்கும் பொறுப்பையும் ஏற்றவர். 1938இல் புதுச்சேரி வந்து நிஷ்டா என்ற பெயரோடு வாழ்ந்தார். திரும்பிப் போகவில்லை. 1944 பிப்ரவரியில் அங்கேயே இறந்தார்.

இனி சிதம்பரம்.

தில்லை நடராசரை மேல்நாட்டு வாசகர்களுக்குக் கொண்டுபோனவர் ஆனந்த குமாரசுவாமி. கொழும்பில் பிறந்தவர், தந்தை ஈழத்தமிழர், தாய் ஆங்கிலேயர். சிவனின் நடனம் பற்றி 1912இல் அவர் எழுதிய கட்டுரை, 1918இல் நியூயார்க்கில் நூலாக வந்த தொகுப்பில் இடம்பெற்றது. அபிநய தர்ப்பணம் என்ற வடமொழி நடன நூலையும் அவர் 1917இல் ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்திருந்தார். அவருடைய மனைவியாக இருந்த ஆலிஸ் ரிச்சர்ட்சன் என்ற ஆங்கிலேயப் பெண், காஷ்மீரில் இந்துஸ்தானிப் பாட்டுக் கற்று, ரத்தன் தேவி என்ற பெயரில் தம்புராவோடு லண்டன், நியூயார்க் மேடைகளில் பாடினார். இந்தியாவைப் பார்க்காமலேயே 1906இல் ‘ராதா’ என்ற நடனத்தை ஆடிப் புகழ்பெற்றிருந்தார் ரூத் செயின்ட் டெனிஸ். இடுப்புக் கச்சையும் சமூகக் கட்டுப்பாடும் இறுக்கியிருந்த அமெரிக்கப் பெண்ணுக்கு, உடம்பை வழிபாடாக்கும் ஒரு கலை கிழக்கில் இருக்கிறது என்ற சேதி பெரும் கவர்ச்சியாக இருந்தது.

அந்தச் சேதியைக் கேட்டவர்களில் ஒருவர், 1893இல் மிச்சிகன் மாநிலத்தின் பெட்டோஸ்கி என்ற சிற்றூரில் பிறந்த எஸ்தர் ஷெர்மன். நாக்பூரைச் சேர்ந்த விஞ்ஞானியும் விடுதலைப் போராட்டக்காரருமான ராம்லால் பாஜ்பாயை 1921இல் மணந்தார். தன் பெயரை ராகினி தேவி என்று மாற்றிக்கொண்டார். காஷ்மீரில் பிறந்த இந்துப் பெண் என்றே மேடைகளில் தன்னைச் சொல்லிக்கொண்டார். 1928இல் ‘நிருத்தாஞ்சலி’ என்று இந்திய நடனம் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூல் எழுதினார். இவ்வளவும் இந்தியாவுக்கு வருவதற்கு முன்பே!

1930இல் கிளம்பியேவிட்டார். வயிற்றில் குழந்தை, கூடக் கணவர் இல்லை. அந்த ஆண்டு செப்டம்பரில் சென்னையில் மகள் இந்திராணி பிறந்தார். பிறகு ராகினி குருவைத் தேடினார்.

அந்த நேரத்துச் சென்னையை நினைத்துப் பார்க்க வேண்டும். கோயில்களில் பெண்களைப் பொட்டுக் கட்டும் வழக்கத்தை ஒழிக்க முத்துலட்சுமி ரெட்டி சட்டமன்றத்தில் குரல் கொடுத்து முடித்த நேரம். தேவதாசி மரபில் வந்த தாய்க்குப் பிறந்தவர் அவர். அந்த வழக்கத்தின் பெயரால் சிறுமிகள் பட்ட பாட்டை அறிந்தே போராடினார். அந்தப் போராட்டத்தின் நியாயத்தை யாரும் மறுக்க முடியாது. ஆனால் சிறுமிகளைச் சீரழித்த வழக்கத்தோடு சேர்த்து, அந்தப் பெண்கள் தலைமுறை தலைமுறையாகக் காத்துவந்த ஆட்டத்தையும் ஊர் அருவருப்பாகப் பார்க்கத் தொடங்கியது. கௌரவமான குடும்பத்துப் பெண் சதிர் என்ற அந்த ஆட்டத்தைக் கற்பது நினைத்துப் பார்க்க முடியாத காரியம். அப்படிப்பட்ட குடும்பத்தில் பிறந்த ருக்மிணி தேவி மேடை ஏறியதே 1935இன் இறுதியில்தான்.

அப்படியொரு நேரத்தில் ஓர் அமெரிக்கப் பெண் மயிலாப்பூர் கௌரி அம்மாள் வீட்டுக் கதவைத் தட்டினார். கபாலீசுவரர் கோயிலில் ஆடிய மரபின் கடைசிப் பெண்களில் ஒருவர் கௌரி அம்மாள். அபிநயத்தில் அவருக்கு நிகர் இல்லை என்று அந்தக் காலத்து ரசிகர்கள் சொன்னார்கள். ராகினியைத் தடுக்க இங்கே மாமியார் இல்லை, சாதிக்காரர்கள் இல்லை, சம்பந்தம் தட்டிப்போகும் என்று அழும் தாய் இல்லை. கற்றுக்கொண்டார். பிறகு கேரளத்துக்குப் போய், வள்ளத்தோள் நாராயண மேனன் 1930இல் தொடங்கிய கலாமண்டலத்தில் சேர்ந்தார். ஆண்களே ஆடிவந்த கதகளியை அங்கே ஒரு பெண்ணாகப் பயின்றார். இளம் கலைஞர் கோபிநாத்தை ஜோடியாகச் சேர்த்துக்கொண்டு, விடிய விடிய நடக்கும் கதகளியிலிருந்து சிறு காட்சிகளை எடுத்து இந்திய நகரங்களில் மேடையேற்றினார். கதகளி கேரளத்துக்கு வெளியே சீட்டு வாங்கிப் பார்க்கும் கலையானதில் இந்த ஜோடிக்குப் பெரிய பங்கு உண்டு.

1930களின் இறுதியில் ஐரோப்பாவில் ஆடினார். போர் வந்ததும் நியூயார்க் போய் அங்கே நடனப் பள்ளியும் அரங்கும் நடத்தினார். பிறகு மீண்டும் இந்தியா வந்து ஊர் ஊராகப் போய் ஆட்ட வகைகளைப் பதிவுசெய்தார். அந்த உழைப்பு 1972இல் நூலாக வந்தது. 1982இல் அமெரிக்காவில் இறந்தார். மகள் இந்திராணி ரஹ்மான் பந்தநல்லூர் சொக்கலிங்கம் பிள்ளையிடம் பரதம் கற்றார், ஒடிசியை ஒடிசாவுக்கு வெளியே மேடையேற்றியவர்களில் முன்னோடியானார், 1952இல் மிஸ் இந்தியாவும் ஆனார். பேத்தி சுகன்யா ரஹ்மானும் ஆடினார். குடும்பத்தின் மூன்று தலைமுறைக் கதையை அவரே நூலாக எழுதியிருக்கிறார். பாட்டியின் சுதந்திரம் தாயின் குழந்தைப் பருவத்தில் ஏற்படுத்திய வெற்றிடத்தையும் அந்தக் குடும்பத்தின் கதை மறைக்கவில்லை.

கௌரி அம்மாளுக்கு என்ன ஆனது? 1947இல் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்தது. கோயிலோடு இருந்த உரிமை போயிற்று, இருந்த வீடும் போயிற்று. பாலசரஸ்வதிக்கும் ருக்மிணி தேவிக்கும் கற்றுக்கொடுத்த அந்த அம்மாள், கடைசிக் காலத்தை வறுமையில் கழித்து 1971இல் இறந்தார். மிச்சிகனிலிருந்து வந்த பெண்ணுக்குக் கிடைத்த சுதந்திரத்தின் சாவி மயிலாப்பூரில் ஒரு வீட்டில் இருந்தது. சாவி வைத்திருந்தவர் தெருவுக்கு வந்தார். ராகினியின் துணிச்சலைக் குறைத்துச் சொல்ல இதை எழுதவில்லை. கடல் கடந்து விடுதலை தேடிய பெண்களின் கதைகளில் கற்றுக்கொடுத்த பெண்ணின் பெயர் அடிக்கடி அடிக்குறிப்பாகிப் போகிறது. அது மேலே, பெரிய எழுத்தில் வர வேண்டும்.

எதிர்த்திசையில் போனவர் பாலசரஸ்வதி. வீணை தனம்மாளின் பேத்தி. 1918இல் சென்னையில் பிறந்து, ஏழு வயதில் காஞ்சிபுரத்தில் அரங்கேறியவர். தாய் ஜெயம்மாள் பாட மகள் ஆடினால், அரங்கத்தில் மூச்சுச் சத்தம் கேட்காது என்பார்கள். ஆனால் பரதநாட்டியம் புதுக் கௌரவம் பெற்று மேல்தட்டு வீடுகளுக்குள் நுழைந்தபோது, அதை உயிரோடு வைத்திருந்த குடும்பத்துப் பெண்ணான பாலாவுக்கு வாய்ப்புகள் சுருங்கின. சிருங்காரத்தை அடக்கி வாசிக்க வேண்டும் என்ற புது ரசனையோடு அவர் கடைசிவரை ஒத்துப்போகவில்லை. பக்தியும் காதலும் அந்தக் கலையில் ஒன்றுதான் என்று அடித்துச் சொன்னார்.

1961இல் டோக்கியோ. 1962இல் அமெரிக்கா. ஜேக்கப்ஸ் பில்லோ நடன விழாவில் அவர் ஆடினார். அந்த விழாவை நடத்தியவர் டெட் ஷான். இந்தியாவைப் பார்க்காமல் ‘ராதா’ ஆடிய ரூத் செயின்ட் டெனிசின் கணவர். வெஸ்லியன் பல்கலைக்கழகத்தில் பாலாவும் அவர் தம்பிகள் ரங்கநாதனும் விஸ்வநாதனும் கற்பித்தார்கள். அதன் பிறகு ஏறக்குறைய 20 ஆண்டுகள், கலிபோர்னியா, வாஷிங்டன் என்று பல்கலைக்கழகம் பல்கலைக்கழகமாகப் போய்வந்தார். அங்கே அவரைப் பார்த்தவர்கள் குடும்பம் எது, மரபு எது என்று கேட்டு முகம் சுளிக்கவில்லை. நவீன நடனத்தின் பெரியவர்களோடு வைத்து மதித்தார்கள். அமெரிக்காவின் ஈடு இணையற்ற நடனச் செல்வங்கள் என்று 2000ஆம் ஆண்டில் அந்நாட்டு அமைப்பு ஒன்று வெளியிட்ட முதல் நூறு பெயர்ப் பட்டியலில் தஞ்சாவூர் மரபின் இந்தப் பெண்ணும் இருந்தார்.

பாலா அங்கே போய்த் தன்னை மாற்றிக்கொள்ளவில்லை. ராகினி பெயரை மாற்றினார், பிறப்பை மாற்றினார், புது ஆளானார். பாலாவுக்கோ, இருந்தபடியே இருக்க அனுமதித்த இடம்தான் அமெரிக்கா. இரண்டும் விடுதலைதான். ஆனால் சொந்த ஊரில் தானாக இருக்க முடியாமல் போன கலைஞருக்கு வெளிநாட்டில் கிடைத்த மதிப்பைக் கேட்கும்போது, தமிழ் மனதுக்குப் பெருமையைவிட வருத்தம்தான் அதிகம் வர வேண்டும்.

இன்று சிதம்பரத்தில் மகா சிவராத்திரியை ஒட்டி நாட்டியாஞ்சலி நடக்கிறது. 1981இல் தொடங்கிய விழா. மலேசியாவிலிருந்தும் ஐரோப்பாவிலிருந்தும் வரும் பெண்கள், 108 கரணங்கள் செதுக்கிய கோபுரங்கள் உள்ள ஊரில் சலங்கை கட்டுகிறார்கள்.

ஆட்டம்போல மண்ணும் ஒருவரை அழைத்தது. டெபோரா ஸ்மித் என்ற அமெரிக்கப் பெண், ஜப்பானிய மொழியும் ஜப்பானிய மட்பாண்டக் கலையும் கற்றவர். 1971இல் மட்பாண்டக் கலைஞர் ரே மீக்கருடன் சேர்ந்து புதுச்சேரியில் கோல்டன் பிரிட்ஜ் மட்பாண்டக் கூடத்தைத் தொடங்கினார். அதிகச் சூட்டில் சுடும் கல்மண் பாண்டங்கள் அதற்கு முன் இந்தப் பக்கத்தில் யாரும் கலையாகச் செய்யாதவை. நம் ஊரில் குயவர் வீட்டுப் பெண்கள் மண் பிசைவார்கள், பானை தட்டுவார்கள், வண்ணம் பூசுவார்கள். சக்கரத்தில் உட்காரும் வழக்கம் பொதுவாக இல்லை. டெபோரா உட்கார்ந்தார். அந்தக் கூடத்தில் பயின்றவர்களில் இந்தியாவின் பல மூலைகளிலிருந்து வந்த பெண்கள் ஏராளம். இன்று தங்கள் பெயரில் சூளை வைத்து நடத்துபவர்களும் அவர்களில் உண்டு. சுற்றுக் கிராமத்து இளைஞர்களும் அங்கே தொழில் கற்றார்கள். 1968இல் ஆரோவில் உருவானபோதும் வெளிநாட்டுப் பெண்கள் பலர் இப்படி வந்தார்கள். அவர்கள் வரையவும் எழுதவும் நேரம் கிடைத்ததில், அவர்கள் வீடுகளுக்கு வேலைக்குப் போன குயிலாப்பாளையத்துப் பெண்களின் உழைப்பும் சேர்ந்திருக்கிறது.

இதுவரை சொன்ன பெண்கள் எல்லோரும் விரும்பி வந்தவர்கள், விரும்பிப் போனவர்கள். நாடு விட்டுப் போனால்தான் உயிர் மிஞ்சும் என்ற நிலையில் போன பெண்களின் எழுத்து வேறு.

ராஜேஸ்வரி பாலசுப்பிரமணியம் 1970இலேயே கிழக்கிலங்கையிலிருந்து லண்டன் போனவர். தாதியாக வேலை பார்த்தார், பிறகு திரைப்படக் கலை படித்தார், நாவல்கள் எழுதினார். அவருக்குப் பின் 1983இன் இனக்கலவரம் வந்தது. யாழ்ப்பாணத்தில் 1986இல் ‘சொல்லாத சேதிகள்’ என்ற பெண்கள் கவிதைத் தொகுப்பு வெளியானது. ஈழத்துப் பெண்கள் கூட்டாக எழுந்து பேசிய நூல் அது. அதன் பிறகு நடந்தவை நெஞ்சை அறுப்பவை. மருத்துவரும் மனித உரிமைப் போராளியுமான ராஜினி திராணகம 1989 செப்டம்பரில் சுட்டுக் கொல்லப்பட்டார். கவிஞர் சிவரமணி 1991இல் தன் கவிதைகளை எரித்துவிட்டுத் தற்கொலை செய்துகொண்டார். கவிஞர் செல்வி அதே ஆண்டு விடுதலைப் புலிகளால் கடத்திச் செல்லப்பட்டார், திரும்பி வரவில்லை. அரசப் படைகள் ஒரு பக்கம், சொந்த இயக்கங்கள் மறுபக்கம். ராஜினியின் அக்கா நிர்மலா, ஆங்கில நாடகத்தைத் தமிழில் ‘கண்ணாடி வார்ப்புகள்’ என்று மொழிபெயர்த்தவர், சிறையில் இருந்து தப்பி லண்டன் சேர்ந்தார். அங்கிருந்து பேசினார், எழுதினார், நடித்தார்.

ஜெர்மனியில் 1990இல் ‘பெண்கள் சந்திப்பு’ தொடங்கியது. சுவிட்சர்லாந்து, பிரான்ஸ், நார்வே என்று நாடு மாறி நாடு கூடினார்கள். நார்வேயிலிருந்து ‘சக்தி’ இதழ் வந்தது. 1992இல் பாரீசிலிருந்து ‘மறையாத மறுபாதி’ என்ற புகலிடப் பெண்கள் கவிதைத் தொகுப்பு வந்தது. மிர்ரா கிளம்பிய அதே பாரீஸ். உணவகத்தில் தட்டுக் கழுவி, அலுவலகத் தரை துடைத்துவிட்டு வீட்டுக்கு வந்து, பிள்ளைகளைத் தூங்கவைத்த பிறகு எழுதியவர்களின் குரல்கள் இந்தச் சந்திப்புகளிலும் இதழ்களிலும் ஒலித்தன. அவர்கள் எழுதியதைப் படித்தால், வெளிநாடு என்பது விடுதலை மட்டும் இல்லை என்று தெரியும். சீதனப் பேச்சு விமானத்தில் ஏறி வந்திருந்தது. சாதி வந்திருந்தது. குளிர்நாட்டு மண்டபங்களில் சாமத்தியவீடு என்ற பூப்பு விழா ஆடம்பரமாக நடந்தது. அடிக்கும் கணவனை விட்டுப் போனால் விசா என்னாகும் என்ற பயம் இருந்தது. வெளியே நிறவெறி. இவை அத்தனைக்கும் நடுவில், கைது செய்ய யாரும் வராத ஒரு மேசை கிடைத்தது. இயக்கத்தையும் அரசையும் கணவனையும் ஒரே கட்டுரையில் கேள்வி கேட்க முடிந்தது. திருகோணமலைப் பக்கத்திலிருந்து ஆஸ்திரேலியா போன ஆழியாள் 2000இல் தன் முதல் தொகுப்புக்கு ‘உரத்துப் பேச’ என்று பெயர் வைத்தார். அமெரிக்காவில் பிறந்த வி. வி. கணேசானந்தன், ராஜினியின் காலத்து யாழ்ப்பாணத்தைக் களமாக்கி எழுதிய ஆங்கில நாவல் 2024இல் பிரிட்டனின் பெண்கள் புனைகதைப் பரிசைப் பெற்றது. ஊரில் சொல்ல முடியாமல் போனது முப்பது ஆண்டுகள் கழித்து உலகத்தின் காதில் விழுந்தது.

அதே ஈழத்திலிருந்து, விமானச் சீட்டுக்குப் பணம் இல்லாமல் படகில் ராமேசுவரம் வந்தவர்களை அரசு தமிழ்நாடெங்கும் முகாம்களில் குடிவைத்தது. குறிஞ்சிப்பாடியிலும் அருகே அம்பலவாணன்பேட்டையிலும் அப்படி முகாம்கள் உண்டு. பாரீசுக்குப் போன பெண்ணும் இங்கே வந்த பெண்ணும் ஒரே ஊர்க்காரர்களாக, ஒரே வகுப்பில் படித்தவர்களாகக்கூட இருந்திருக்கலாம். ஒருத்தி சில ஆண்டுகளில் அந்த நாட்டின் குடிமகள் ஆனாள். இங்கே வந்தவளுக்குப் பேசும் மொழி சொந்தம், கும்பிடும் சாமி சொந்தம். ஆனால் முகாமில் வருகைப் பதிவு உண்டு, வெளியூர் போய்த் தங்க அனுமதி வேண்டும். அகதியாகப் பதிவான பெண் எழுத்தாளரானால், வெளிநாட்டு இலக்கியக் கூட்டத்துக்கு அழைப்பு வந்தாலும் போக பாஸ்போர்ட் இல்லை. நாடு விட்டு வந்தும் எல்லை தாண்ட முடியாத நிலை இது. தமிழகத்தில் நின்று பெண் சுதந்திரம் பற்றிப் பேசும்போது இவர்களைத் தள்ளி வைத்துப் பேசக் கூடாது.

2021இல் தமிழக அரசு இவற்றுக்கு ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றியது. புது வீடுகள் கட்டப்பட்டன. குடியுரிமை மத்திய அரசின் கையில். 2019ஆம் ஆண்டின் திருத்தச் சட்டத்தில் இலங்கைத் தமிழருக்கு இடமில்லை. ஆனால் பழைய சட்டத்தின்படி 1987 ஜூலை 1க்கு முன் இந்தியாவில் பிறந்தவர் பிறப்பால் இந்தியர். அந்த விதியைப் பிடித்துக்கொண்டு, மண்டபம் முகாமில் 1986இல் பிறந்து திருச்சி கொட்டப்பட்டு முகாமில் வாழும் ஒரு பெண் நீதிமன்றம் போனார். 2022இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அவருக்கு பாஸ்போர்ட் தரச் சொன்னது. 2024 மக்களவைத் தேர்தலில் அவர் முதன்முறையாக வாக்களித்தார். 1987 ஜூலைக்குப் பிறகு முகாம்களில் அகதிப் பெற்றோருக்குப் பிறந்து, இங்கேயே பள்ளியும் கல்லூரியும் முடித்த பெண்களுக்கு அந்த வழி இன்னும் திறக்கவில்லை.